ஒன்பதாம் நம்பர் காட்டுக் கொலைகள்

முதல் கொலையை நான் செய்தது சூப்பர்வைசர் மேல் இருந்த கோபத்தில். வயிற்றுப் பிள்ளைக்காரிகள் மூன்று பேர் காலையில் என்னிடம் பரிசோதனைக்கு வந்ததற்கு, அந்த மனிதர் மூன்று பேருக்கும் ஆப்சென்ட் போட்டுவிட்டார். போய்க் கேட்டேன். "வயித்துல புள்ள இருந்தா கைக்கு என்ன கேடு நர்சம்மா? கொழுந்து கையாலதான எடுக்குறாக?" என்று சிரித்தார். எனக்கு எப்போதுமே பதில் சாயங்காலம்தான் வரும். குவார்ட்டர்ஸுக்கு வந்து கதவைச் சாத்தினேன். ஒரு நாற்பது பக்க நோட்டை விரித்தேன். அவரை ஒன்பதாம் நம்பர் தேயிலைக் காட்டின் பனிக்குள் நடக்கவிட்டு, பின்னாலிருந்து கவாத்துக் கத்தியால் கழுத்தில் ஒரே வீச்சு. மனசு லேசாகிவிட்டது. அன்றைக்கு இரண்டு தட்டு சோறு சாப்பிட்டேன்.

எழுபதுகளின் நடுவில் நடந்தது இது. போடிமெட்டைத் தாண்டிக் கேரளத்துப் பக்கம் இருந்த ஒரு தேயிலை எஸ்டேட்டில் நான் மருத்துவச்சி. இருபத்து நாலு வயது. சொந்த ஊர் பாலக்காட்டுக்குக் கிழக்கே நல்லேப்பிள்ளி. நெல்லும் வெயிலுமாக இருக்கிற ஊர். பயிற்சி முடித்து, வேலை கிடைத்த இடம் எங்கே இருக்கிறது என்றுகூட விசாரிக்காமல் பஸ் ஏறியவள் நான். வந்து இறங்கியபோது பிடித்த மழை மூன்று மாதம் விடவில்லை. லயம் என்கிற வரிசை வீட்டுப் பெண்கள் என் கொங்குப் பேச்சைக் கேட்டுச் சிரித்ததும் அதே மாதிரி விடாமல்தான். அவர்களுடைய ஆட்கள் திருநெல்வேலி, மதுரைப் பக்கத்திலிருந்து மலையேறியவர்கள். நான் "ஏனுங்க, வாங்க, உக்காருங்க" என்று ஆரம்பித்தால், "ங்க போடாம ஒரு வார்த்த பேசுங்க பாப்போம்" என்று பந்தயம் கட்டுவார்கள். ஒரு தடவைகூட நான் ஜெயித்ததில்லை.

பிரசவம் என்று வந்துவிட்டால் மட்டும் யாரும் கேலி செய்யமாட்டார்கள். வந்த இரண்டு வருஷத்தில் என் கையில் பிறந்த பிள்ளை ஒன்றுகூடத் தவறவில்லை. இதைச் சொல்லும்போது எனக்குக் கொஞ்சம் தலைக்கனம் வரும், வரட்டும். லயத்தில் நான் நடந்துபோனால் இடுப்புப் பிள்ளைக்கு என் கையைத்தான் காட்டுவார்கள். "பாருடி, ஒன்னைய எடுத்த கை" என்பார்கள். வேறு சொந்தபந்தம் ஒன்றும் இல்லாத மலையில் அந்த ஒரு வார்த்தையை வைத்துக்கொண்டுதான் நான் காலம் தள்ளினேன்.

சூப்பர்வைசரோடு நிறுத்தியிருக்கலாம். ருசி கண்ட பூனை சும்மா இருக்குமா? அதோடு எனக்குத் தொழில் அறிவும் இருந்தது. தேயிலைச் செடியைச் சில வருஷத்துக்கு ஒருமுறை முழங்கால் உயரத்துக்கு வெட்டிவிடுவதற்குப் பெயர் கவாத்து. ஆண்கள் வேலை. நுனி வளைந்த கத்தி. ஒரே வெட்டில் விரல் மொத்தக் கிளை சாய்ந்துவிடும். கவாத்துக் காலத்தில் யாராவது கையையோ காலையோ வெட்டிக்கொண்டு டிஸ்பென்சரிக்கு வராத நாள் கிடையாது. கம்பவுண்டர் தைப்பார், நான் ரத்தம் துடைப்பேன். அந்தக் கத்தி எங்கே பட்டால் எவ்வளவு ஆழம் போகும், ரத்தம் பீறிடுமா கசியுமா என்பதெல்லாம் எனக்கு அத்துப்படி. அதில் ஒரு சொட்டைக்கூட வீணாக்காமல் எழுதினேன்.

கதைக்கு 'ஒன்பதாம் நம்பர் காடு' என்றே பேர். பனி இறங்குகிற நேரத்தில், முகத்தைக் கம்பளியால் மூடிய ஓர் உருவம் செடிகளுக்கு நடுவே வரும். ஆள் விழுந்ததும், விழுந்தவருடைய தொப்பியையோ கூடையையோ ஒரு செடிமேல் கவிழ்த்து வைத்துவிட்டுப் போய்விடும். நோட்டுக்கு ஒரு கொலை. இரண்டாவது நோட்டில், அடுத்தவள் கூடையிலிருந்து தன் கூடைக்குக் கொழுந்தைக் கடத்துகிற ஒருத்தி. மூன்றாவதில், விறகு பொறுக்கப் போகிறவர்களைப் பற்றி ஆபீசில் போய் வத்திவைக்கிற வாட்ச்மேன். இவனுக்கு மட்டும் இரண்டு வெட்டு கொடுத்தேன், என் வீட்டுக்கு வந்த விறகையும் அவன் தடுத்திருந்தான்.

நோட்டில் பெயர் போடவில்லை. பிள்ளை எடுக்கிறவள் இப்படி எழுதுகிறாள் என்று தெரிந்தால் சிரிப்பார்களோ அடிப்பார்களோ, எனக்குத் தெரியவில்லை. கையெழுத்து தெரியக்கூடாதென்று கடை போர்டு மாதிரி உருட்டி உருட்டி எழுதினேன். டிஸ்பென்சரிக்கு வரும் பஞ்சுச் சுருளுக்குள் ஒரு நீலக் காகிதம் இருக்கும். அழகாக இருக்கிறதே என்று அதை எடுத்து அட்டை போட்டேன். தொழிலாளர் மன்றத்து வாசகசாலை மேஜையில் பழைய வாரப் பத்திரிகைகள் குவிந்து கிடக்கும். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் பத்திரிகை எடுக்கிற சாக்கில் போய், நோட்டைக் குவியலில் செருகிவிட்டு வந்துவிட்டேன். என்னைப் போலக் கெட்டிக்காரி உண்டா என்று எனக்கே என்னைப் பாராட்டத் தோன்றியது.

அதைக் கண்டெடுத்தவள் ஏழாவது லயத்துக் கொழுந்துக்காரி ஒருத்தி. எட்டாவது வரை படித்தவள். எழுத்து என்று இருந்தால் பொட்டலம் கட்டின காகிதத்தைக்கூட விடமாட்டாள். தலைப்பிள்ளை, அப்போது ஆறாம் மாதம். மத்தியானம் கொழுந்தை எடை போடுகிற கொட்டகையில் வரிசை நகர அரை மணி நேரம் ஆகும். அந்த நேரத்தில் அவள் ஒரு மூட்டைமேல் வயிற்றைத் தாங்கி உட்கார்ந்து சத்தமாக வாசிப்பாள். வாசிப்பா அது! சாகிறவனுக்கு ஒரு குரல், கத்திக்கு ஒரு குரல், பனிக்கு ஒரு குரல். பனிக்கு எப்படிக் குரல் என்று கேட்காதீர்கள், நான் காதால் கேட்டேன். நான் எழுதாத இடத்திலெல்லாம் நிறுத்தி, கேட்கிறவர்களைச் சுற்றிப் பார்த்துவிட்டுத்தான் மேலே போவாள். எழுதினவள் எனக்கே முதுகு சில்லிட்டது.

ஆமாம், நானும் அங்கே இருந்தேன். சத்து மாத்திரை கொடுக்கிற சாக்கில் தினம் மத்தியானம் கொட்டகைக்குப் போய்விடுவேன். அந்த மழைக்காலம் முழுக்க எங்கள் எஸ்டேட்டில் ரத்தசோகை எட்டிப் பார்த்திருக்க வாய்ப்பே இல்லை.

சூப்பர்வைசர் கோபப்படுவார் என்று எதிர்பார்த்தேன். அவர் எஸ்டேட் முழுக்கச் சட்டைக் காலரை விலக்கிக் கழுத்தைக் காட்டிக்கொண்டு திரிந்தார். "மொதக் கொல யாரு தெரியும்ல? நாந்தேன்! எடுத்த எடுப்புலயே என்னையத்தேன் போட்டான். எழுதுனவன் வெவரமானவன்" என்றார். கொழுந்து கடத்துகிற அந்த நிஜப் பெண்ணோ, கதையில் தன் சேலை மஞ்சள் என்று எழுதியதற்குத்தான் சண்டைக்கு வந்தாள். அவளிடம் மஞ்சள் சேலையே இல்லையாம். ஒன்பதாம் நம்பர் காட்டுக்கு இனி யாரும் தனியாகப் போவதில்லை என்று தீர்மானமாயிற்று. மூன்று மூன்று பேராகப் போய், ஒருத்தி கொழுந்தெடுக்க இரண்டு பேர் பனியைக் காவல் காத்தார்கள். கவாத்துக்காரர்களுக்கோ ஒரே மவுசு. கத்தியைத் தோளில் போட்டுக்கொண்டு அவர்கள் வந்தால் பெண்கள் வீறிட்டுக்கொண்டு ஓடுவார்கள். ஓடிவிட்டுத் திரும்பி வருவார்கள்.

பிறகு வாசகசாலை மேஜையில் துண்டுச் சீட்டுகள் வர ஆரம்பித்தன. 'கதாசிரியர் ஐயா அவர்களுக்கு' என்றுதான் எல்லாமே தொடங்கும். 'அடுத்த கொலைக்கு எங்கள் லயத்தில் ஆள் தயார்.' 'என் கொழுந்தியாளைக் கொல்லவும், அடையாளம் இடது காலில் ஆறு விரல்.' 'என்னைக் கொல்வதானால் தீபாவளிக்கு முன் கொல்லவும், அப்புறம் ஊருக்குப் போய்விடுவேன்.' வீட்டுக்குக் கொண்டுவந்து, தலையணையை வாயில் அடைத்துக்கொண்டு சிரித்தேன். சிரித்துச் சிரித்து விக்கல் எடுத்துவிட்டது. என் ஆயுசில் அவ்வளவு சந்தோஷமாக நான் இருந்ததில்லை. அதை மறைக்கவேண்டி இருந்ததுதான் தாங்கவில்லை. யாரிடமாவது சொல்லாவிட்டால் வெடித்துவிடுவேன் போல இருந்தது.

அந்தத் தலைக்கனத்தில்தான் நாலாவது நோட்டை எழுதினேன். கதையில் ஒரு பாட்டுக்காரி இருந்தாள். கொழுந்தெடுக்கிற நிரையில் முன்னால் நின்று பாடுவாள், மற்றவர்கள் பின்பாட்டு. ஒரு குற்றமும் அறியாதவள். எல்லாருக்கும் செல்லம். அவளைக் கொன்றால் எப்படி இருக்கும் என்று தோன்றிய நிமிஷத்தில் கை பரபரத்தது. அழுதுகொண்டே கொன்றேன்.

வியாழக்கிழமை மத்தியானம் கொட்டகையில் அது அரங்கேறியது. கூடை செடிமேல் கவிழ்ந்த வரியை வாசித்ததும் வாசிப்பவளுக்கே குரல் உடைந்துவிட்டது. ஒருத்தி மூக்கைச் சிந்தினாள். இன்னொருத்தி விளையாட்டாக ஒப்பாரி எடுத்தாள். இரண்டாம் அடிக்குள் அது நிஜ ஒப்பாரியாகிவிட்டது. எடை போடுகிறவர் தராசை விட்டுவிட்டுத் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். அந்த நேரம் பார்த்துக் கொழுந்து ஏற்ற டிராக்டர் வந்து நின்றது. டிரைவர் என்னவென்று கேட்டான். "ஒம்பதாம் நம்பர்ல அந்தப் பொண்ணையும் வெட்டிப்புட்டாண்டா" என்றாள் ஒருத்தி விசும்பிக்கொண்டே. அவன் கீழே இறங்கக்கூட இல்லை. வண்டியைத் திருப்பிக்கொண்டு மேல் டிவிஷனுக்குப் போய்விட்டான்.

மேல் டிவிஷனுக்கு வேறு கொட்டகை. அங்கே கதையும் தெரியாது, நோட்டும் தெரியாது. ஒன்பதாம் நம்பரில் ஒரு பெண்ணை வெட்டிக் கொன்றுவிட்டார்கள், கீழே எல்லாரும் அழுகிறார்கள் என்று அவன் சொன்னதைத்தான் அவர்கள் கேட்டார்கள். எங்கள் எஸ்டேட்டில் ஒரு வழக்கம் உண்டு. சாவு விழுந்தால் காட்டில் இருக்கிற அத்தனை பேரும் கூடையை இறக்கிவிட வேண்டும். சாவுக்கு இறக்கின கூடையை மறுநாள் சூரியனைப் பார்க்காமல் முதுகில் ஏற்றக்கூடாது. ஏற்றினால் அடுத்த சாவைக் கூப்பிட்ட மாதிரி. பல மேனேஜர் துரைமார்கள் இதோடு மல்லுக்கட்டிப் பார்த்துத் தோற்றுப்போயிருக்கிறார்கள்.

அரை மணி நேரத்தில் மேல் டிவிஷன் மொத்தமும் மலைச்சரிவில் இறங்கி வந்தது. தலையில் கம்பளி, முந்தானையில் முடிந்த வாய்க்கரிசி. "பொணம் எங்க?" என்று கேட்டார்கள். வாசிப்பவள் விழித்தாள். கையிலிருந்த நோட்டை நீட்டினாள். "இந்தா... இதுலதான்" என்றாள்.

ஒருத்தி களுக்கென்றாள். அவ்வளவுதான், கொட்டகைத் தகரமே அதிருகிற மாதிரி சிரிப்பு. வயிற்றைப் பிடித்துக்கொண்டு தரையில் உட்கார்ந்து சிரித்தார்கள். வந்ததற்குக் கதையை முதலிலிருந்து வாசி என்றார்கள். இறக்கின கூடை இறக்கினதுதானே, கதைச் சாவானால் என்ன! அன்றைக்கு அதற்கப்புறம் ஃபாக்டரிக்கு ஒரு கூடைக் கொழுந்து போகவில்லை.

சிரிக்காதவர் ஒரே ஒருவர். வாசிப்பவளின் மாமியார். மேல் டிவிஷனில் வேலை செய்கிற அந்த அம்மா, ஒன்பதாம் நம்பர் என்றதும், அங்கே கொழுந்தெடுக்கிற தன் மருமகள்தான் என்று நினைத்து ஓடிவந்திருக்கிறார். வழியில் விழுந்து முழங்கால் பிளந்து ரத்தம் ஓடியது. மருமகளை முழுசாகப் பார்த்ததும் அவள் கன்னத்தில் ஓர் அறை கொடுத்தார், பிறகு அவளைக் கட்டிக்கொண்டார். நான்தான் காயத்துக்கு மருந்து போட்டேன். "எந்தப் பாவி எழுதுனானோ, அவங் கை வெளங்காமப் போக" என்றார். அந்தக் கையால்தான் அவர் முழங்காலுக்குக் கட்டுப் போட்டு முடித்தேன்.

மறுநாள் காலை ஆபீசில் விசாரணை. துரையின் மேஜைமேல் நாலு நோட்டுகள் நீல அட்டையோடு. ஸ்டாஃப் எல்லாரும் வரிசையாக நின்றோம். "யார் இந்த ரைட்டர்?" என்றார் துரை. எங்கள் கம்பவுண்டர் நல்ல மனிதர், மலையாளி, மனசில் ஒன்றும் வைத்துக்கொள்ளத் தெரியாதவர். குனிந்து பார்த்தார். முகம் மலர்ந்தது. "இது நம்மட பஞ்ஞீடெ கடலாஸல்லே!" என்றார் ஆசையாக, நம்ம பஞ்சுக் காகிதமல்லவா என்று. டிஸ்பென்சரியில் பஞ்சு எடுக்கிறவர்கள் இரண்டே பேர், அவரும் நானும். அவருக்கோ தமிழில் ஒரு வரி எழுத வராது. அத்தனை தலையும் என் பக்கம் திரும்பியது. நுணலும் தன் வாயால் கெடும் என்பார்கள். நான் அட்டையால் கெட்டேன்.

"நீயா?" என்று மட்டும் கேட்டார் துரை. "ஆமாங்க" என்றேன். இன்னொரு நோட்டு வந்தால் அடுத்த பஸ்ஸில் மலையிறங்க வேண்டும் என்றார். நோட்டுகளைத் திருப்பித் தரவில்லை. மூன்று நாள் கழித்து அவர் பங்களா சமையல்காரர் என்னிடம் வந்து, அக்கம்பக்கம் பார்த்துவிட்டு, "அஞ்சாவது நோட்டு இருக்கான்னு தொரை கேக்கச் சொன்னாக. கேட்டதா வெளிய சொல்லப்புடாதாம்" என்றார்.

லயத்தில் பாதிப் பேருக்குத் தலைகால் புரியவில்லை. "நம்ம நர்சம்மாவா!" என்று என்னைப் பார்க்கவே வந்துபோனார்கள். நான் பயந்த மாதிரி ஒன்றும் ஆகவில்லை, தப்பித்தோம் என்று நினைத்துக்கொண்டிருந்தபோதுதான் அந்த மாமியார் டிஸ்பென்சரி ஜன்னலுக்கு வெளியே வந்து நின்றார். உள்ளே வரவில்லை.

"ஒங்க கை இனி எம் மருமக ஒடம்புல படப்புடாது நர்சம்மா."

"ஏனுங்கம்மா அப்படிச் சொல்றீங்க? அது வெறுங் கதைங்க."

"சாவு எழுதுன கை. எனக்கு ரெண்டு, பொறந்த அன்னிக்கே போச்சு. லயத்துக்குப் பின்னாடி எங் கையாலதான் குழி தோண்டுனேன். ஒங்களுக்குக் கத, எனக்கு அப்புடி இல்ல."

முதலில் எனக்குக் கோபம்தான் வந்தது. இரண்டு வருஷம் தூக்கம் கெட்டு ஓடியோடிப் பார்த்த கை இது! அவர் போன பிறகு உட்கார்ந்து அழுதேன். தோற்றுப்போன மாதிரி இருந்தது. அடுத்த வாரம் நாலாவது லயத்தில் ஒரு பிரசவம் என்னைக் கூப்பிடாமலே நடந்தது. அதற்கடுத்த வாரம் இன்னொன்று. நாலு பேர் என் கதையைப் புகழ்ந்துகொண்டே போவார்கள், பிரசவத்துக்கு மட்டும் அந்த மாமியாரைக் கூப்பிட்டுக்கொள்வார்கள். பழைய காலத்தில் தொப்புள்கொடி அறுத்துப் பழக்கமாம் அவருக்கு. இனி ஒரு வரி எழுதுவதில்லை என்று சாமி படத்துக்கு முன்னால் சத்தியம் செய்தேன். யாருக்கும் அது தெரியாது, தெரிந்தாலும் ஒன்றும் மாறப்போவதில்லை.

உண்மையான பயம் வேறு. கடைசியாக நான் வாசிப்பவளைத் தொட்டுப் பார்த்தபோது எட்டாம் மாதம் தொடங்கியிருந்தது. பிள்ளையின் தலை மேலே, நெஞ்சுக்கூட்டுக்கு அடியில் இருந்தது. புட்டம் கீழே. திரும்பாவிட்டால் பிள்ளை தலைகடைசியாகத்தான் வரும். தெரியாத கை அவசரப்பட்டு இழுத்தால் தலை மாட்டிக்கொள்ளும். இதைச் சொல்லத்தான் இரண்டு தடவை ஏழாவது லயத்துக்குப் போனேன். இரண்டு தடவையும் மாமியார் கதவைச் சாத்தினார். வலி வந்தால் ஜீப்பில் போடி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோங்கள் என்று அவள் புருஷனிடம் சொல்லிவைத்தேன். வலி வந்த அன்று ஜீப் துரையோடு காலையிலேயே போடிக்குப் போயிருந்தது.

உச்சி நேரம் அவள் புருஷன்தான் ஓடிவந்தான். பையைத் தூக்கிக்கொண்டு ஓடினேன். கதவை மறித்துக்கொண்டு மாமியார் நின்றார். உள்ளேயிருந்து அவள் குரல்தான் வந்தது.

"அத்தை, வழிய விடுங்க! கொல பண்ணவன் யாருன்னு தெரியாம நான் சாக மாட்டேன்!"

வெளியே நின்றிருந்தவர்கள் சிரித்துவிட்டார்கள். மாமியார் சிரிக்கவில்லை. என் முகத்தைப் பார்த்தார். "புள்ள தல மேல இருக்குங்கம்மா. நானே இழுக்க மாட்டேனுங்க, நீங்க கூடவே இருந்து பாருங்க" என்றேன். ஒதுங்கி வழிவிட்டார்.

கர்ப்பப்பை வாய் முழுசாகத் திறக்கும்வரை அவள் முக்கக் கூடாது. ஆனால் முக்கச் சொல்லித்தான் உடம்பு கேட்கும், அதைத் தடுப்பதுதான் கஷ்டம். மாமியார் அவள் தோளைப் பிடித்திருந்தார். வலி ஏறும்போது அவள் என் மணிக்கட்டை நெரித்தாள். "கத சொல்லுங்க. சொன்னா முக்க மாட்டேன்" என்றாள். அஞ்சாவது நோட்டு எழுதவே இல்லை. கொலைகாரன் யார் என்று எனக்கே தெரியாது! நாலு நோட்டும் அந்தக் கம்பளிக்குள் என்ன முகம் இருக்கிறதென்று யோசிக்காமலே எழுதியவள் நான்.

"ஒம்பதாம் நம்பர்ல பனி எறங்குச்சுங்க" என்று ஆரம்பித்தேன். "வாயால ஊதுங்க, ஊதுங்க, முக்காதீங்க. அந்தக் கம்பளி போட்ட ஆளு வந்துச்சுங்க. இந்த வாட்டி கொட்டாயில கதை படிக்கற புள்ளயத் தேடிட்டு வந்துச்சுங்க."

"என்னையவா?"

"உங்களையத்தானுங்க. ஊதுங்க, ஊதுங்க."

லயத்துச் சுவர் மெலிசு. அடுத்த அறையில், வாசலில், ஜன்னலடியில் ஆட்கள் மூச்சுவிடாமல் நிற்கிறது தெரிந்தது. வெளியே ஒருத்தி, "சத்தமாச் சொல்லுங்க நர்சம்மா, இங்க கேக்கல" என்றாள். சத்தமாகச் சொன்னேன். ஒரு கண் பிள்ளை வரும் வழிமேல், ஒரு கை வயிற்றின்மேல், வாய் மட்டும் ஒன்பதாம் நம்பர் காட்டில். அவளைச் செடிக்கடியில் ஒளிய வைத்தேன், கண்டுபிடித்தேன், மறுபடி ஓட வைத்தேன். எத்தனை தடவை ஓட வைத்தேனோ தெரியாது. கடைசியில் கர்ப்பப்பை வாய் முழுசாகத் திறந்துவிட்டது. கதையும் ஓட இடமில்லாமல் நின்றுவிட்டது.

"யாருன்னு சொல்லுங்க!"

"நீங்களே சொல்லுங்க. எந்நேரமும் எந்த லயத்துக்கும் போற ஆளு. சேலையில ரத்தக் கறையோட நடந்தாலும் ஏன்னு ஒருத்தரும் கேக்க மாட்டாங்க. எஸ்டேட்டுல அப்படி யாரு இருக்கறாங்க?"

சொன்ன பிறகுதான் என்ன சொன்னேன் என்று எனக்கே உறைத்தது. என் கை இருக்கிற இடத்தில் இருக்க, மாமியார் என் எதிரில் இருக்க, இதையா சொல்வார்கள்? அவள் கண்ணை அகலத் திறந்தாள்.

"அய்யோ... நீங்கதான்!"

"நானேதான். இப்ப முக்குங்க!"

அவள் சிரித்தாள். அலறலும் சிரிப்புமாக ஒரே மூச்சாக முக்கினாள். புட்டம் வந்தது, கால் வந்தது. கையை எடுத்துக்கொண்டு காத்திருந்தேன். அந்த நேரத்தில் தொடாமல் இருக்கிறதுதான் வேலை. தோள் வந்தது. பிறகு பிள்ளையின் உடம்பைத் தாங்கி மெல்லத் தூக்க, முகவாய், மூக்கு, நெற்றி என்று தலை வெளியே வந்தது. பெண் பிள்ளை. வெளுத்துப்போய், சத்தமில்லாமல்.

நான் மாமியாரைப் பார்க்கவில்லை. பிள்ளையின் வாயைத் துடைத்தேன், முதுகைத் தேய்த்தேன், உள்ளங்காலில் சுண்டினேன். மறுபடி தேய்த்தேன். எவ்வளவு நேரம் என்று தெரியாது. ஒரு தும்மல். பிறகு அப்படி ஓர் அழுகை! சுவருக்கு அந்தப் பக்கம் கைதட்டினார்கள். "நர்சம்மாதான் கொலகாரி, கேட்டியா! நர்சம்மாதான்!" என்று லயம் லயமாகச் செய்தி ஓடியது. பெண் பிள்ளை பிறந்த செய்தி அதற்குப் பின்னால்தான் போனதாம்.

எல்லாம் துடைத்து முடித்துக் கை கழுவிக்கொண்டிருந்தபோது மாமியார் ஒரு சின்னக் கிண்ணத்தில் கருப்பட்டி கரைத்துக் கொண்டுவந்தார். சேனை வைப்பது என்பார்கள். பிறந்த பிள்ளையின் நாக்கில் முதல் இனிப்பைத் தொட்டு வைக்கிறவர்களின் குணம்தான் பிள்ளைக்கு வரும் என்று, அதற்கு ஆள் தேடுவதிலேயே குடும்பத்தில் மாதக்கணக்கில் பேச்சு நடக்கும். எனக்குப் பயிற்சியில் கூடாதென்று சொல்லித்தந்த காரியம் அது. எத்தனையோ வீட்டில் கிண்ணத்தைப் பிடுங்கி வைத்திருக்கிறேன். இன்றைக்கு இவரோடும் சண்டையா என்று நினைத்துக்கொண்டே, "சேனை வேண்டாமுங்கம்மா" என்றேன்.

அவர் கிண்ணத்தை என் முன்னால் நீட்டினார்.

"நீங்க வைங்க நர்சம்மா."

"நானுங்களா?"

"எந் தம்பி பொண்டாட்டி வைக்கிறதாத்தான் பேச்சு. நீங்க வைங்க." கொஞ்சம் யோசித்தார். "ஆனா பேனா புடிக்கிற வெரலு வேணாம். வேற வெரலால வைங்க."

எனக்குச் சிரிப்பு வந்தது, கண்ணில் தண்ணீரும் வந்தது. விதியெல்லாம் எங்கேயோ போய்விட்டது. மோதிர விரல் நுனியைத் துளி நனைத்து, பிள்ளையின் நாக்கில் வைத்தேன். அவர் என் பக்கத்தில் நெருங்கி நின்று, நான் எந்த விரலை வைக்கிறேன் என்று கடைசிவரை பார்த்துக்கொண்டே இருந்தார்.